கினிப்பன்றியின் மூச்சு

மட்டக்களப்பு வாவியில் நிலாக் காலத்து இரவுகளில் மீன் பாடும் என்பது ஊரறிந்த செய்தி. கல்லடிப் பாலத்தின் அருகே தோணியை நிறுத்தித் துடுப்பின் ஒரு முனையை நீரில் இட்டு, மறுமுனையைக் காதோடு சேர்த்துக் கேட்டால் அவ்வோசை தெளிவாகக் கேட்கும் என்று முதியோர் சொல்வர். ஓசையோ மிகச் சிறிது. அதைக் கேட்பதற்கு அமைதியும் பொறுமையும் வேண்டும். அந்த வாவியின் இரு கரைகளிலும், அதாவது எழுவான்கரையிலும் படுவான்கரையிலும், இன்று சில வீடுகளில் பிள்ளைகள் ஆசையோடு வளர்த்து வரும் ஒரு சிறு பிராணியின் நோயை அறிந்துகொள்வதற்கும் அதே அமைதியும் பொறுமையும் தேவைப்படுகின்றன. அப்பிராணியே கினிப்பன்றி என்பது.

பெயரில் பன்றி இருந்தாலும் இது பன்றி இனத்தைச் சேர்ந்ததன்று. எலி, அணில், முள்ளம்பன்றி ஆகியவற்றைப் போலக் கொறித்துண்ணும் கூட்டத்தைச் சேர்ந்தது. இதன் தாயகம் தென்னமெரிக்காவின் அந்தீசு மலைநாடு. பெரு, பொலிவியா முதலிய நாடுகளின் பழங்குடி மக்கள் பல்லாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இதனை வீட்டில் வளர்க்கத் தொடங்கினர். பதினாறாம் நூற்றாண்டில் இது ஐரோப்பாவுக்குக் கொண்டுவரப்பட்டது. பின்னர் செல்லப்பிராணியாகவும் ஆராய்ச்சிக்கூடப் பிராணியாகவும் உலகெங்கும் பரவியது. குளிர்ந்த, உலர்ந்த மலைக்காற்றில் வாழ்ந்த ஓர் உயிர் இன்று வெப்பமும் ஈரமும் மிகுந்த கடலோரத்தில் வாழ நேர்ந்திருக்கிறது. அதன் நோய்களுள் பலவற்றுக்கு இந்த இடமாற்றமே அடிப்படை என்பதை முதலில் மனத்திற் கொள்ளல் வேண்டும்.

கினிப்பன்றிக்கு வரும் நோய்களுள் மிகக் கொடியது நுரையீரலைப் பற்றும் நோய். தடிமன் போலத் தோன்றித் தொடங்கும் நோய், சில நாட்களில் நுரையீரல் அழற்சியாக முற்றிவிடும். மாலையில் உணவு உண்டது போலத் தோன்றிய பிராணி விடியலில் இறந்து கிடப்பதும் உண்டு. “நேற்று வரை நன்றாகத்தானே இருந்தது!” என்று வீட்டார் வியப்பர். உண்மையில் அது நேற்று நன்றாக இருக்கவில்லை; நன்றாக இருப்பது போல நடித்தது. பிற விலங்குகளுக்கு இரையாகும் உயிர்கள் யாவும் தம் நோயை மறைக்கும் இயல்புடையன. கூட்டத்திலே தளர்ந்து நிற்பதைத்தான் வேட்டைவிலங்கு முதலிற் பிடிக்கும் ஆதலால், தளர்ச்சியை மறைப்பதே அவற்றின் தற்காப்பு. எனவே, கினிப்பன்றி தன் நோயை வெளிப்படையாகக் காட்டும் நேரத்தில் நோய் பெரும்பாலும் பாதிவழி கடந்திருக்கும்.

இப்பிராணிக்கு ஏற்ற வெப்பநிலை ஏறக்குறைய 18 முதல் 24 பாகை செல்சியஸ் வரை. மட்டக்களப்பில் அத்தகைய இதமான காற்று ஆண்டில் சில நாட்களே வீசும். இங்கே இரண்டு பருவங்கள் இரண்டு வகையான தீங்கை விளைவிக்கின்றன. வைகாசி முதல் ஆவணி வரை மேற்கிலிருந்து வறண்ட கச்சான் காற்று வீசும். பகல் வெப்பம் 32 பாகையைக் கடந்து ஏறும். தகரக் கூரையின் கீழ் வைக்கப்பட்ட கூட்டில் வெப்பம் இன்னும் மிகும். கினிப்பன்றி வியர்வை சிந்தி உடலைத் தணித்துக்கொள்ள இயலாதது. அந்நாட்களில் அது நீட்டிப் படுத்து, வேகமாக மூச்சு வாங்கி, வாயில் நீர் வடியக் கிடந்தால் அது நுரையீரல் நோயன்று, வெப்பத்தாக்கு. இதற்குரிய பரிகாரம் வேறு. அதனைப் பின்னர்க் காண்போம்.

ஐப்பசி முதல் தை வரை வாடைக் காற்றும் மாரி மழையும். மட்டக்களப்பு மாவட்டத்தின் ஆண்டு மழையில் பெரும்பகுதி இம்மாதங்களிலேதான் பெய்கிறது. இக்காலத்தில் கினிப்பன்றியைக் கெடுப்பது குளிரைவிட ஈரமே எனலாம். படுக்கைப் புல் காய்வதில்லை. சிறுநீர் தேங்கி அமோனியா என்னும் காரமான ஆவி எழுந்து, மூக்கின் உட்தோலைப் புண்படுத்துகிறது. மழைச்சாரலுக்கு அஞ்சிக் கூட்டைச் சுற்றிப் பொலித்தீன் கட்டிவிடுவதால் அந்த ஆவி வெளியேற வழியில்லாமற் போகிறது. இன்னொன்றும் உண்டு. பெரும்போக அறுவடையின் போது, மாசி பங்குனியில், சேர்த்துவைத்த வைக்கோல் அடுத்த மாரி வரும்போது அடியில் நனைந்து பூஞ்சணம் பிடித்திருக்கும். அதனைப் படுக்கையாக விரித்தால், பிராணி துள்ளும்போதெல்லாம் பூஞ்சணத்தூள் எழுந்து மூச்சிற் கலக்கும். புண்பட்ட மூக்கிலும் தொண்டையிலும் நோய்க்கிருமி எளிதாகக் குடிபுகும் என்பது சொல்லாமலே விளங்கும்.

அந்தக் கிருமிகளுள் இரண்டு முதன்மையானவை. ஒன்று போர்டெடெல்லா என்பது. நாய்களுக்கு இருமலை உண்டாக்கும் கிருமியும் இதுவே. முயல்களின் மூக்கில் இது எவ்வித நோய்க்குறியும் காட்டாது வாழும். அதே கிருமி கினிப்பன்றியை அடைந்தால் கொன்றுவிடவும் கூடும். தும்மலில் தெறிக்கும் நுண்துளிகளாலும், பயன்படுத்திய பாத்திரம், படுக்கை, கைகள் ஆகியவற்றாலும் இது பரவும். தொற்றிய 5 முதல் 7 நாட்களுக்குள் நோய் தலைகாட்டும். மற்றொன்று ஸ்ட்ரெப்டோகொக்கஸ் நிமோனியே என்னும் கிருமி. மனிதரின் நுரையீரல் அழற்சிக்கும் காரணமாக இருப்பது இது. இவ்விரு கிருமிகளையும் நோயில்லாத கினிப்பன்றியும் தன்னுள்ளே சுமந்துகொண்டிருக்கக் கூடும். வெயிலில் நெடுந்தூரம் கொண்டு செல்லுதல், நெருக்கமான கூடு, உணவு மாற்றம், கருப்பம் முதலிய இன்னல்கள் உடலின் எதிர்ப்பு ஆற்றலைக் குறைக்கும் வேளையில் அவை பெருகி நோயாகின்றன. குட்டிகளும் கருவுற்றவையும் முதிர்ந்தவையும் எளிதில் இரையாகும்.

இனி நோயை அறியும் முறையைக் காண்போம். நோயை அறிய வேண்டுமாயின் நலத்தை முன்னரே அறிந்திருக்க வேண்டும். வளர்ந்த கினிப்பன்றியின் எடை பெரும்பாலும் 700 முதல் 1,200 கிராம் வரை இருக்கும். உடல் வெப்பம் ஏறக்குறைய 37 பாகைக்கும் 39.5 பாகைக்கும் இடைப்பட்டது. ஓய்வாக இருக்கும்போது நிமிடத்துக்கு 40 முதல் 100 தடவை வரை மூச்சு விடும். மனிதரோடு ஒப்பிட்டால் இது விரைவாகத் தோன்றும். ஆனால் இந்த விரைவில் முயற்சி இராது. விலாவின் அசைவு மட்டுமே தெரியும். பிராணி அமைதியாக இருக்கும்போது 15 வினாடிகளுக்கு அதன் விலா எத்தனை முறை எழுந்து தாழ்கிறது என்று எண்ணி, அவ்வெண்ணை 4 ஆற் பெருக்கினால் நிமிடக் கணக்குக் கிடைக்கும். நோயில்லாத நாளில் எண்ணிக் குறித்து வைத்த கணக்கே நோயுற்ற நாளில் அளவுகோலாக உதவும்.

மூச்சைவிட முன்னதாக நோயைச் சொல்லுவது தராசு. சமையலறைத் தராசில் வாரம் ஒருமுறை, ஒரே நாளில், ஒரே வேளையில் பிராணியை நிறுத்து, பழைய பாடப்புத்தகக் கொப்பி ஒன்றில் குறித்து வரலாம். பிள்ளைகளுக்கு இது நல்ல பயிற்சியும் ஆகும். ஒரு வாரத்தில் 50 கிராம் குறைந்தால் விழிப்பாக இருத்தல் வேண்டும். எடையில் பத்தில் ஒரு பங்கு, அதாவது 900 கிராம் எடையுள்ள பிராணி 90 கிராம் குறைந்தால், வெளியே வேறு குறி தெரியாவிடினும் மிருக வைத்தியரை நாடல் வேண்டும்.

நோய்க்குறிகளை மூன்று படிகளாகப் பகுத்துக் கொள்ளலாம்.

முதற்படியில் தும்மல் அடிக்கடி வரும். புல்லைக் கிளறும்போது ஓரிரு தடவை தும்முவது இயல்பே. ஓய்வில் இருக்கும்போதும் தொடர்ந்து தும்முவதே கவனிக்கத்தக்கது. மூக்கின் ஓரம் ஈரமாகவோ காய்ந்த பொருக்குடனோ இருக்கும். முன்னங்கால்களின் உட்பக்க மயிர் ஒட்டிப் பிசுபிசுத்திருக்கும். பிராணி தன் மூக்கைக் கால்களால் துடைத்துக்கொள்வதால் வரும் அடையாளம் இது. மூக்கைத் துடைத்து மறைத்தாலும் கால் காட்டிக்கொடுத்துவிடும். கண்ணோரம் பீளை கட்டும். இங்கே ஒரு மயக்கத்தை நீக்குதல் நலம். கினிப்பன்றி முகம் கழுவிக்கொள்ளும் வேளையில் அதன் கண்ணிலிருந்து பால் போன்ற வெண்ணிற நீர் சிறிது கசியும். அது இயற்கையானது, சில நொடிகளில் மறைந்துவிடும். நீங்காது தங்கும் மஞ்சள் நிறப் பீளையே நோய்.

இரண்டாம் படியில் பிராணி மயிர் சிலிர்த்துக் கூனிக் குறுகி மூலையில் அமரும். புல் கொண்டு வருபவரின் காலடி கேட்டதும் கீச்சிட்டு வரவேற்கும் வழக்கம் நின்றுவிடும். உணவை முகர்ந்து பார்த்துவிட்டு ஒதுங்கும். புழுக்கை குறையும், சிறுக்கும். இப்படியில் பிராணியை மெதுவாகத் தூக்கி அதன் முதுகோரத்தைக் காதோடு சேர்த்துக் கேட்க வேண்டும். நலமுள்ள மூச்சில் ஓசை அரிது. நொறுநொறுவென்றோ, கொரகொரவென்றோ, சீட்டியடிப்பது போலவோ கேட்டால் மூச்சுக்குழலில் சளி தங்கியிருக்கிறது எனலாம்.

மூன்றாம் படியில் விலா மட்டுமன்றி வயிறும் சேர்ந்து ஏறி இறங்கும். கழுத்தை முன்னே நீட்டி மூச்சிழுக்கும். உதடும் ஈறும் நீலம் பாரிக்கும். கினிப்பன்றி இயல்பாக மூக்கினாலேயே மூச்சு விடும் பிராணி. அது வாயைத் திறந்து மூச்சு வாங்குகிறது என்றால் உயிருக்குப் போராடுகிறது என்று பொருள். அந்நிலையில் மணிக்கணக்கு எண்ண நேரமில்லை. நிமிடக் கணக்கே உண்டு.

மூச்சுத்திணறலுக்கு வேறு காரணங்களும் உள. முதிய பிராணிக்கு இருதய நோயினாலும், வயிறு ஊதிக்கொள்வதாலும், பல்நோயினால் வரும் வேதனையாலும் மூச்சு விரைவாகும். இவற்றைப் பகுத்தறிவது வைத்தியரின் வேலை. வீட்டார் செய்ய வேண்டியது, கண்டதைக் கண்டவாறு காலமுறைப்படி சொல்லுவதே.

வைத்தியரிடம் செல்லும் வரை வீட்டிற் செய்யத்தக்க முதலுதவி யாது? நோயுற்ற பிராணியை மற்றவற்றிலிருந்து பிரித்து, காற்றோட்டமுள்ள, ஆனால் நேர்காற்று அடிக்காத, ஓசை குறைந்த இடத்தில் உலர்ந்த படுக்கையில் வைத்தல் வேண்டும். மூக்கில் ஒட்டிய பொருக்கை இளஞ்சூட்டு நீரில் நனைத்த பஞ்சினால் மெதுவாக அகற்றினால் மூச்சு எளிதாகும். விறகடுப்புப் புகை, சாம்பிராணிப் புகை, நுளம்புத்திரிப் புகை ஆகியவை அவ்விடத்தை அணுகலாகாது. தடிமனுக்கு மனிதர் செய்துகொள்ளும் ஆவி பிடித்தல் கினிப்பன்றிக்கு ஆகாது. மூடிய இடத்து வெப்பமே அதனைக் கொன்றுவிடும். மூக்கிலும் நெஞ்சிலும் காரமான தைலம் தடவுவதும் தீங்கானது. மேற்சொன்ன வெப்பத்தாக்கு என்றால் பிராணியை நிழலுக்குக் கொண்டு சென்று, குளிர்நீரில் அமிழ்த்தாமல், காதுகளையும் பாதங்களையும் சாதாரண நீரால் நனைத்து மெல்ல விசிறி, விரைந்து வைத்தியரிடம் சேர்த்தல் வேண்டும்.

உணவைப் பற்றிய எச்சரிக்கை மிகவும் முக்கியமானது. கினிப்பன்றியின் குடல் இடையறாது இயங்க வேண்டிய ஆலை போன்றது. ஒரு பகலும் ஓர் இரவும் உண்ணாதிருந்தால் அந்த ஆலை நின்றுவிடும். நுரையீரல் நோயிலிருந்து தப்பினாலும் குடல் நின்று இறக்கும். ஆகவே தானாக உண்ணாத பிராணிக்குக் கைத்தீன் கொடுத்தல் வேண்டும். கினிப்பன்றிக்குரிய தீன் உருண்டைகளை நீரில் ஊறவைத்துக் கரைத்துக் கூழாக்கி, ஊசி கழற்றிய சிரிஞ்சில் எடுத்து, முன்பல்லுக்குப் பின்னால் கன்னத்தின் பக்கமாகச் சிறிது சிறிதாக, மென்று விழுங்க நேரம் விட்டு, இரண்டு மூன்று மணிக்கு ஒருமுறை ஊட்டலாம். பிராணியை மல்லாத்திப் பிடித்து ஊட்டலாகாது. கூழ் மூச்சுக்குழலிற் புகுந்துவிடும். வாய் திறந்து மூச்சு வாங்கும் பிராணிக்கு எதனையும் வாயில் ஊட்டாது வைத்தியரிடம் கொண்டுசெல்வதே தக்கது.

இனிச் சொல்லப்போவது இக்கட்டுரையின் மிக இன்றியமையாத பகுதி. ஒரு மார்கழி மாதத்து வீட்டை எண்ணிப் பார்க்கலாம். பிள்ளையின் கினிப்பன்றிக்குத் தும்மல். வெளியே விடா மழை. மிருக வைத்தியசாலை தொலைவில். சென்ற மாதம் தொண்டை நோவுக்குப் பிள்ளைக்குக் கொடுத்து மீந்த அமொக்சிசிலின் மாத்திரை அலுமாரியில் இருக்கிறது. பிள்ளையைக் குணப்படுத்திய மருந்து இச்சிறு உயிரையும் குணப்படுத்தாதா என்று தாய் அன்போடு அதில் ஒரு துண்டைக் கரைத்து ஊட்டுகிறாள். முதல்நாள் ஏதும் இல்லை. பின்னர் கழிச்சல் தொடங்குகிறது. சில நாட்களில் பிராணி இறந்துவிடுகிறது. “மருந்து கொடுத்தும் பிழைக்கவில்லையே” என்று வீடே வருந்துகிறது. அது நோயினால் இறக்கவில்லை. மருந்தினாலேயே இறந்தது என்பதை அவ்வீட்டார் அறியார்.

இது எவ்வாறு நிகழ்கிறது? கினிப்பன்றியின் பெருங்குடலில் புல்லைச் செரிக்க உதவும் நற்கிருமிகள் கோடிக்கணக்கில் வாழ்கின்றன. பென்சிலின் குலத்து மருந்துகள் அவற்றை அழித்துவிடுகின்றன. காலியான இடத்தில் குளொஸ்டிரிடியம் என்னும் தீய கிருமி பெருகி நஞ்சைச் சுரக்கிறது. அந்நஞ்சு இரத்தத்திற் கலந்து உயிரைப் போக்குகிறது. பென்சிலின், அம்பிசிலின், அமொக்சிசிலின், செபலெக்சின் முதலியனவும், கிளிண்டமைசின், எரித்திரோமைசின் முதலியனவும் இவ்வகையில் ஆபத்தானவை.

மருத்துவ வரலாற்றில் இதனோடு தொடர்புடைய செய்தி ஒன்றுண்டு. 1928 இல் அலெக்சாந்தர் பிளெமிங் கண்டறிந்த பென்சிலினை, 1940 ஆம் ஆண்டு மே மாதம் 25 ஆம் நாள் ஒக்ஸ்போர்ட்டில் புளோரி என்பாரின் குழுவினர் எட்டுச் சுண்டெலிகளிடம் சோதித்தனர். கொடிய கிருமி ஏற்றப்பட்ட அவ்வெட்டில் மருந்து பெறாத நான்கும் மறுநாட் காலைக்குள் இறந்தன. மருந்து பெற்ற நான்கும் அப்போது உயிரோடிருந்தன. 1943 இல் அமெரிக்காவில் வெளிவந்த ஆய்வு ஒன்று, அதே மருந்து கினிப்பன்றிகளைக் கொல்லுகிறது என்று காட்டியது. ஒக்ஸ்போர்ட்டில் அன்று சுண்டெலிக்குப் பதிலாகக் கினிப்பன்றியை எடுத்திருந்தால், உலகம் பென்சிலினை நஞ்சென்று ஒதுக்கியிருக்கவும் கூடும் அன்றோ! ஓர் உயிருக்கு அமுதமானது மற்றோர் உயிருக்கு நஞ்சாகலாம் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டியதில்லை.

அவ்வாறாயின் மருந்தே இல்லையா? உண்டு. என்ரோபுளொக்சசின், திரைமெத்தோபிரிமும் சல்பாவும் சேர்ந்த கலவை ஆகியவற்றை மிருக வைத்தியர்கள் கினிப்பன்றிக்குப் பயன்படுத்துகின்றனர். பிராணியின் எடை, வயது, கருப்பம் ஆகியவற்றைக் கொண்டு அளவு வேறுபடும். என்ரோபுளொக்சசின் வளரும் குட்டியின் குருத்தெலும்பைப் பாதிக்கக் கூடும் என்பதால் அதிலும் வைத்தியரின் தீர்ப்பே வேண்டும். மருந்து பெரும்பாலும் ஒரு வாரம் முதல் இரு வாரம் வரை, சிலவேளை அதற்கு மேலும் தொடரும். மூன்றாம் நாள் பிராணி துள்ளத் தொடங்கியதும் மருந்தை நிறுத்திவிடுவது பெருந்தவறு. மருந்து கொடுக்கும் காலத்தில் கழிச்சல் கண்டால் உடனே வைத்தியருக்கு அறிவித்தல் வேண்டும்.

மருந்தோடு சேர்த்து எண்ணத்தக்கது உயிர்ச்சத்து ‘சி’. பெரும்பாலான விலங்குகள் இச்சத்தைத் தம் உடலிலேயே ஆக்கிக்கொள்ளும். மனிதனும், குரங்கினத்திற் பலவும், கினிப்பன்றியும் அவ்வாற்றலை இழந்தவை. 1907 இல் நோர்வே நாட்டு அறிஞர்களான அக்செல் ஹோல்ஸ்ட், தியோடர் பிரோலிக் என்போர் கினிப்பன்றிகளுக்குத் தானியம் மட்டும் கொடுத்து வளர்த்தபோது அவற்றுக்கு ஸ்கர்வி நோய் வரக் கண்டனர். கடலோடிகளை நூற்றாண்டுக் கணக்காக மாய்த்து வந்த அந்நோய் உணவுக் குறைபாடே என்பதை உறுதிப்படுத்த அது வழிவகுத்தது. பின்னர் நீலகிரியிலுள்ள குன்னூரில் ராபர்ட் மக்கரிசன் என்னும் மருத்துவ அறிஞரும் உணவுக் குறைவினால் உறுப்புகள் எவ்வாறு சீரழிகின்றன என்பதைக் கினிப்பன்றி முதலிய பிராணிகளைக் கொண்டு ஆராய்ந்தார்.

உயிர்ச்சத்து ‘சி’ குறைந்த கினிப்பன்றியின் மூட்டுகள் வீங்கும், நடக்கத் தயங்கும், மயிர் சொரசொரக்கும், நோயை எதிர்க்கும் ஆற்றல் குன்றும். அத்தகைய உடலில் நுரையீரல் நோய் காட்டுத்தீ போலப் பரவும். நலமுள்ள பிராணிக்கு ஒரு கிலோகிராம் எடைக்கு நாளொன்றுக்கு 10 முதல் 30 மில்லிகிராம் வரையும், நோயுற்றதற்கும் கருவுற்றதற்கும் அதனினும் மிகுதியாக ஏறக்குறைய 50 மில்லிகிராம் வரையும் இச்சத்துத் தேவை. இதனைத் தேடிக் கடைக்கு ஓட வேண்டியதில்லை. நூறு கிராம் கொய்யாப்பழத்தில் இருநூறு மில்லிகிராமுக்கு மேல் உயிர்ச்சத்து ‘சி’ உண்டு. ஆகவே முற்றத்துக் கொய்யாவில் 10 முதல் 15 கிராம் அளவான ஒரு சிறு துண்டே ஒரு நாளைக்குப் போதுமானது. நெல்லிக்காயும் கறிமிளகாயும் இச்சத்து நிறைந்தவை. முருங்கையிலையிலும் இது மிகுதி. ஆனால் சுண்ணாம்புச் சத்தும் மிகுதியாதலால் அதனை இடையிடையே சிறிதளவே கொடுத்தல் நலம். குடிநீரிற் கரைத்து வைக்கும் உயிர்ச்சத்து விரைவில் கெட்டுவிடும். தீன் உருண்டையிற் சேர்த்ததும் மூன்று மாதத்தில் பெரிதும் குறைந்துவிடும். இப்பகுதியின் வெப்பத்திலும் ஈரத்திலும் இன்னும் விரைவாகக் குறையும். முயல் தீனில் இச்சத்தை எதிர்பார்க்க இயலாது. கோழித் தீனிலோ கினிப்பன்றிக்கு நஞ்சாகும் மருந்துகள் கலந்திருக்கக் கூடும். அதனை ஒருபோதும் கொடுக்கலாகாது.

வைத்தியரை நாடும்போது சில குறிப்புகளைக் கையோடு கொண்டு செல்லுதல் நலம். மட்டக்களப்பு மாவட்டத்து அரச கால்நடை வைத்தியர்களின் நாளாந்தப் பணி பெரும்பாலும் மாடு, எருமை, ஆடு, கோழி ஆகியவற்றோடு. கினிப்பன்றி அவர்களிடம் வருவது அரிது. ஆதலால் பிராணியின் எடை, உண்ட உணவு, தும்மல் தொடங்கிய நாள், மூச்சுக் கணக்கு, வீட்டில் முயலோ நாயோ உண்டா என்பது, முன்னர் ஏதேனும் மருந்து கொடுத்ததா என்பது ஆகியவற்றை எழுதிக் கொடுத்தால் அவர்களுக்குப் பேருதவியாகும். முன்னரே தவறாக ஒரு மாத்திரை கொடுத்திருந்தால் வெட்கப்பட்டு அதனை மறைக்கலாகாது. தேவைப்படின் அவர்கள் பேராதனைப் பல்கலைக்கழகத்து மிருக வைத்தியப் பீடத்தின் ஆலோசனையைப் பெறவும் வழியுண்டு. கொண்டு செல்லும் பெட்டியில் காற்றுத் துளைகளும் உலர்ந்த புல்லும் இருக்க வேண்டும். காலை இளவெயிலுக்கு முன்னோ மாலை தணிந்த பின்னோ பயணம் செய்தல் நன்று.

நோய் வந்தபின் ஓடுவதினும் வராமற் காத்தலே எளிது. கூடு நிலத்திலிருந்து உயர்ந்திருக்க வேண்டும். வாடைக்காற்று நேரே அடிக்கும் பக்கம் அடைப்பும், எதிர்ப்பக்கம் திறப்பும் இருக்க வேண்டும். இரண்டு பிராணிகளுக்கு ஏழரைச் சதுர அடிக்குக் குறையாத தளம் தேவை. தகரக் கூரையின் மேல் கிடுகு வேய்ந்தால் கச்சான் காலத்து வெப்பம் தணியும். படுக்கையாக உலர்புல்லோ கிழித்த தாளோ இடலாம். மணமுள்ள மரத்தின் தூளும் நுண்தூளும் ஆகா. நனைந்த பகுதியை நாள்தோறும் அகற்றல் வேண்டும். முகத்தைக் கூட்டுக்குள் நீட்டி ஒருமுறை மூச்சிழுத்துப் பார்த்தாலே போதும். மனிதர் மூக்குக்குக் காரம் ஏறினால், நாள்முழுதும் அதிலே கிடக்கும் பிராணியின் நிலையை ஊகித்துக்கொள்ளலாம். வேலியோரங்களில் தழைத்து வளரும் கினிப்புல் இதற்கு நல்ல உணவு. பூச்சிமருந்து தெளித்த வயல் வரப்புப் புல்லைத் தவிர்த்து, அறுத்த புல்லை அலசி நீர்வடித்துக் கொடுத்தல் வேண்டும். முயலையும் கினிப்பன்றியையும் ஒரே கூட்டில் வளர்க்கலாகாது. புதிதாக வாங்கிய பிராணியை இரண்டு மூன்று வாரமேனும் தனியே வைத்துப் பார்த்த பின்னரே பழையவற்றோடு சேர்க்கலாம். தடிமன் பிடித்த பிள்ளை அது தீரும்வரை பிராணியைத் தூக்கிக் கொஞ்சாதிருத்தலும், தொடுமுன்னும் தொட்டபின்னும் சவர்க்காரமிட்டுக் கைகழுவுதலும் இருவருக்கும் நலம்.

இவ்வளவு செய்தும் சிலவேளை பிராணி இறந்துவிடும். ஐந்து முதல் எட்டு ஆண்டுகள் வரையே வாழும் சிறிய உயிர் அது. அப்போது பிள்ளைக்குத் தெரியாமல் வேறொன்றை வாங்கி வைப்பதைவிட, நடந்ததை உள்ளபடி சொல்லுதல் சிறந்தது. கூட்டை நன்கு கழுவி வெயிலிற் காயவைத்து, பிள்ளை குறித்து வந்த கொப்பியை மீண்டும் புரட்டிப் பார்த்தால், எந்த வாரம் எடை இறங்கத் தொடங்கியது என்பது தெரியவரும். அடுத்து வளர்க்கும் உயிருக்கு அந்த அறிவு காவலாகும்.

1882 இல் றொபேட் கொக் காசநோயின் கிருமியைக் கண்டு நிறுவிய ஆராய்ச்சியில் கினிப்பன்றிகள் பயன்பட்டன. குழந்தைகளின் தொண்டையை அடைத்துக் கொன்ற டிப்தீரியாவுக்கு 1890 ஆம் ஆண்டளவில் எதிர்மருந்து கண்ட பேரிங் என்பாரும் இப்பிராணியையே துணைகொண்டார். மனிதர் தடையின்றி மூச்சு விடுவதற்குத் தன் மூச்சைக் கொடுத்த உயிர் இது. எனவே வாவிக்கரை வீட்டில் மாரி இரவொன்றில் அதன் கூட்டருகே சிறிது நேரம் அமைதியாக இருந்து, அதன் மூச்சைக் காது கொடுத்துக் கேட்பது அதற்கு நாம் செலுத்த வேண்டிய கடனிற் சிறு பகுதியே ஆகும்.